ஊர்ல இருந்தப்ப "உள்ளூர்க்காரனுக்கே வேலை"ன்னு கத்துனவன் நான், இப்ப அதே வாக்கியம் என்னப் பாத்து திரும்பி நிக்குது

பாஸ்காரன் (கேள்வி)

வணக்கம் மக்களே. இத்தன நாளா மத்தவங்க எழுதுறத படிச்சிட்டு மட்டும் போயிட்டிருந்தேன், இன்னிக்கு தூக்கம் வரல, அதனால எழுதுறேன். நீளமா போயிருச்சுன்னா திட்டாதீங்க.

சிங்கப்பூர்ல நாலு வருஷமா ஐடி வேலை, எம்ப்ளாய்மெண்ட் பாஸ், அதாவது வெளிநாட்டு ஆபீஸ் ஆளுங்களுக்கு குடுக்கற வேலை அனுமதி. இன்னும் சில மாசத்துல பாஸ் முடியுது. போன வாரம் எச்ஆர் கூப்பிட்டு உக்கார வெச்சு ஸ்கிரீன என் பக்கம் திருப்புனாங்க. காம்பஸ்னு ஒரு மார்க் முறை இருக்குல்ல, 2023 செப்டம்பர்ல புதுசா வர்றவங்களுக்கு கொண்டு வந்தாங்க, 2024 செப்டம்பர்ல இருந்து புதுப்பிக்கிறவங்களுக்கும் அதான். 40 எடுக்கணும். எனக்கு சம்பளத்துக்கு 10, டிகிரிக்கு 10, கம்பெனில உள்ளூர் ஆளுங்க எவ்ளோ பேருங்கறதுக்கு 10. நாலாவது கட்டத்துல சைபர். அந்தக் கட்டத்துக்குப் பேரு டைவர்சிட்டி. அதாவது கம்பெனில எக்ஸிக்யூட்டிவ் வேலைல இருக்கறவங்கள்ல நாலுல ஒருத்தரோ அதுக்கு மேலயோ என் நாட்டுக்காரங்களா இருந்தா எனக்கு மார்க்கே இல்ல. மொத்தம் 30. நான் ஒழுங்கா வேல பாத்தேனா, ராத்திரி ரெண்டு மணிக்கு சர்வர் விழுந்தப்ப எந்திரிச்சு உக்காந்தேனான்னு கேக்குறதுக்கு அதுல ஒரு கட்டமும் இல்ல. பக்கத்து சீட்டுக்காரன் பாஸ்போர்ட்டும் என் பாஸ்போர்ட்டும் ஒரே கலர், அதுக்கு நான் மார்க் இழக்குறேன். சம்பளத்த நல்லா ஏத்துனா அந்தக் கட்டத்துல 20 வரும், "மேனேஜ்மெண்ட்ட கேட்டுப் பாக்குறோம்"னு சொல்லிருக்காங்க. இந்த "பாக்குறோம்"க்கு அர்த்தம் உங்களுக்கே தெரியும்.

கடுப்புல டீம்ல இருக்கற ஒரு அண்ணன்ட்ட பொலம்புனேன். அவர் இங்கயே பொறந்த தமிழர், சிட்டிசன். எப்பவும் எனக்கு ஆறுதல் சொல்ற ஆளு. அன்னிக்கு மட்டும் கொஞ்ச நேரம் ஒண்ணுமே பேசாம இருந்துட்டு, "தம்பி தப்பா நெனைக்காதீங்க, என் பையன் டிகிரி முடிச்சு எட்டு மாசமா வேல தேடிட்டு இருக்கான். அவனுக்குப் போகறதுக்கு வேற நாடு இல்ல"ன்னாரு. எனக்கு என்ன சொல்றதுன்னே தெரியல.

அதுக்கு மேல உறுத்துறது இன்னொண்ணு. 2019 மே மாசம் "தமிழக வேலை தமிழருக்கே"ன்னு ஹாஷ்டேக் ஓடுச்சுல்ல, அப்ப நான் நைட்டு பூரா உக்காந்து ட்வீட் போட்டவன். வடக்கத்திக்காரன் ரயில்வே வேலைய அள்ளிட்டுப் போறான்னு வீட்ல அப்பாவோட சண்டையே போட்டிருக்கேன். இப்ப நான்தான் இங்க வடக்கத்திக்காரன்.

அதனால கேக்குறேன். வேலை, வீடு, ஆஸ்பத்திரி, ஸ்கூல் எல்லாத்துலயும் சிட்டிசனுக்கு முதல்லன்னு ஒரு நாடு சொல்றது நியாயமா? நானும் வரி கட்டுறேன், கடைல நானும் அதே 9 சதவீத ஜிஎஸ்டிதான் குடுக்குறேன். ஆனா அந்த அண்ணன் சொன்னதுலயும் தப்பு இருக்கற மாதிரி தெரியல. நேர்மையா சொல்லுங்க.

மூணாம்_தலைமுறை

நான் அந்த அண்ணன் மாதிரி ஆளு, சிங்கப்பூர்ல மூணாவது தலைமுறை. சரி, எங்க பக்கத்து கணக்க சொல்றேன்.

18 வயசுல ரெண்டு வருஷம் என்எஸ், அதாவது ஆம்பளைங்களுக்கு கட்டாய ராணுவ சேவை. இது எல்லாருக்கும் தெரியும். தெரியாதது அதுக்கு அப்புறம் வர்ற பத்து வருஷம். ரிசர்விஸ்ட்னு ஒவ்வொரு வருஷமும் கூப்பிடுவாங்க, வருஷத்துக்கு 40 நாள் வரைக்கும் கூப்பிட சட்டத்துல இடம் இருக்கு. ப்ராஜெக்ட் முடியப் போற நேரத்துல லெட்டர் வரும், ஃபுல்பேக்க தூக்கிட்டு கெளம்பணும். அரசாங்கம் சம்பளத்த ஈடு கட்டிரும், ஆனா மேனேஜர் மொகம் போற போக்க யாரு ஈடு கட்டுவா? அப்புறம் சிபிஎஃப், உங்க ஊரு பிஎஃப் மாதிரி. என்ன வேலைக்கு வெச்சா முதலாளி சம்பளத்துக்கு மேல 17 சதவீதம் கட்டணும். உங்கள வெச்சா அது கிடையாது. அதுக்குத்தான் உங்களுக்கு குறைஞ்சபட்ச சம்பளம்னு ஒண்ணு வெச்சிருக்காங்க, 2025ல இருந்து 5,600 வெள்ளில ஆரம்பிக்குது, வயசு கூடக் கூட அதுவும் கூடும். அது இல்லேன்னா எங்கள எவனும் சீண்ட மாட்டான். இத சலுகைன்னு சொல்றீங்க, ஓடத் தொடங்கும்போதே எங்க கால்ல கட்டுன கல்ல கொஞ்சம் இறக்கி விடறதுன்னு நான் சொல்வேன்.

வேலைக்கு எடுக்கறதுக்கு முன்னாடி 14 நாள் உள்ளூர்ல விளம்பரம் குடுக்கணும்னு ரூல் 2014லயே வந்துருச்சு. நான் முன்னாடி இருந்த ஒரு எடத்துல என்ன நடந்துச்சுன்னா, ஆள மொதல்லயே புடிச்சிருவாங்க, மேனேஜரோட பழைய கம்பெனி ஆளு, ஒரே காலேஜ் வாட்ஸாப் க்ரூப்பு. அப்புறம் அந்த ஆளோட ரெஸ்யூமே பாத்து பாத்து விளம்பரம் எழுதுவாங்க. பதினாலு நாள் அது போர்டுல தொங்கும். நான் தெரிஞ்ச ரெண்டு பசங்கள அப்ளை பண்ண சொன்னேன், ஃபோன் கூட வரல. அந்த டைவர்சிட்டி கட்டம் உங்களுக்கு அநியாயமா தெரியுது, எனக்கு அது எதுக்கு வந்துச்சுன்னு நல்லாவே தெரியும்.

வீட்டு விஷயம். எச்டிபி, அதாவது அரசாங்க அடுக்குமாடில புது வீடு வேணும்னா குடும்பத்துல ஒருத்தராவது சிட்டிசனா இருக்கணும். பிஆரா, அதாவது நிரந்தரவாசியா மட்டும் இருந்தா மூணு வருஷம் கழிச்சு ரீசேல்ல வாங்கலாம். வெளிநாட்டுக்காரர் காண்டோ (தனியார் அடுக்குமாடி வீடு) வாங்குனா 2023 ஏப்ரல்ல இருந்து 60 சதவீதம் கூடுதல் வரி. கேக்கவே பயங்கரமா இருக்கும், ஒத்துக்கறேன். ஆனா அந்த நிலம் எப்டி வந்துச்சுன்னு பாருங்க, 1966ல நிலம் எடுக்கற சட்டம் போட்டு அன்னிக்கு இருந்த ஜனங்கட்ட இருந்து கம்மி வெலைக்கு எடுத்தது. எங்க தாத்தா கம்பத்து வீட்ட, அதாவது பழைய கிராமத்து வீட்ட விட்டு இறங்கி வந்து நின்ன வரிசை அது.

இப்ப மறுபக்கமும் சொல்லிர்றேன், இல்லேன்னா நான் யோக்கியன் இல்ல. இங்க சிலர் "சேகா"ன்னு ஒரு வார்த்தைய புடிச்சிட்டு இருக்காங்க, இந்தியாவோட 2005ல போட்ட வர்த்தக ஒப்பந்தம் அது, ஆனா ஆன்லைன்ல அது இந்தியனத் திட்டற வார்த்தையாவே ஆயிருச்சு. ஒரு தடவ எம்ஆர்டி ரயில்ல ஒரு பெரியவர் என்னப் பாத்து உங்க நாட்டுக்குப் போன்னாரு. நான் ரிசர்விஸ்ட் முடிச்சு யூனிஃபார்ம்ல நிக்கிறேன் சார். அந்தாளு மொதல்ல மூஞ்சிய பாத்துட்டாரு, யூனிஃபார்ம அப்புறமாதான் பாத்தாரு. சிட்டிசனுக்கு முதல்லன்னு எவன் ஆரம்பிச்சாலும் கொஞ்ச நாள்ல அது மூஞ்சிக்கு முதல்லன்னு ஆயிருது, இது என் அனுபவம்.

இன்னொண்ணு. சிட்டிசன்னாலே எல்லாரும் ஒரே வரிசைன்னு நெனைக்காதீங்க. 1989ல இருந்து எச்டிபி ப்ளாக்குக்கு இன விகிதாசாரம்னு ஒண்ணு இருக்கு. எங்க ப்ளாக்ல சீனர் கோட்டா நெறஞ்சு போச்சு, அதனால நான் வீட்ட விக்கணும்னா சீனருக்கு விக்க முடியாது. இருக்கற ஜனத்தொகைல அவங்கதான் பெரும்பான்மை. வாங்கறவங்க கூட்டம் அப்டியே சுருங்கி ஏழு மாசம் வீடு நின்னுச்சு. எல்லா இனமும் கலந்து வாழணும்னு வந்த ரூல் அது, நோக்கம் நல்ல நோக்கம்தான், ஆனா அதுக்கு வெல குடுக்கறது எப்பவும் கம்மியா இருக்கறவந்தான்.

ரத்து_செய்க

வரி கட்டுறேன் வரி கட்டுறேன்னு சொல்றவங்களுக்கு ஒரு கேள்வி. வரி கட்டுனா சொந்தம்னா நம்ம ஊருக்கு சுத்திப் பாக்க வர்றவனும் ஜிஎஸ்டி கட்டறான். அவனுக்கும் ரேஷன் கார்டு குடுத்துரலாமா?

வக்கீல்_பாதி (ரத்து_செய்க-க்கு பதில்)

அண்ணே, சுத்திப் பாக்க வந்தவன் ரெண்டு வாரத்துல கெளம்பிருவான். இவர் நாலு வருஷம் வேல பாத்திருக்காரு. பத்து வருஷம் இருபது வருஷம் இருக்கறவனும் உண்டு. எங்க கோடு போடறதுங்கறதுதான் கேள்வியே.

பாஸ்காரன் தம்பி, மொதல்ல உங்க குற்ற உணர்ச்சிய பாதியா கொறைக்கிறேன். நீங்க ஊர்ல கத்துனதும் சிங்கப்பூர் பண்றதும் ஒண்ணு இல்ல. இந்தியாக்குள்ள மாநிலம் விட்டு மாநிலம் போறவன் வெளிநாட்டுக்காரன் இல்ல. அரசியலமைப்புல ஷரத்து 16 அரசு வேலைல பொறந்த இடம், குடியிருக்கற இடம் பாத்து பாகுபாடு கூடாதுங்குது, இன்ன இடத்துல குடியிருக்கணும்னு நிபந்தனை போடற அதிகாரம் நாடாளுமன்றத்துக்கு மட்டும்தான். அரியானாக்காரங்க தனியார் வேலைல மாசம் 30,000 ரூபாய்க்குக் கீழ இருக்கற எடத்துல 75 சதவீதம் உள்ளூர் ஆளுக்குன்னு சட்டம் போட்டு 2022 ஜனவரில அமல்படுத்துனாங்க. 2023 நவம்பர்ல பஞ்சாப் அரியானா ஹைகோர்ட் மொத்தமா தூக்கிப் போட்ருச்சு. கர்நாடகா 2024 ஜூலைல அதே மாதிரி ஒரு மசோதாவ கேபினட்ல பாஸ் பண்ணி, கம்பெனிக்காரங்க போட்ட சத்தத்துல உடனே நிறுத்தி வெச்சாங்க. தமிழ்நாடு வேற வழில போச்சு, 2021ல டிஎன்பிஎஸ்சி உள்பட மாநில வேலை பரீட்சைக்கு தமிழ்த்தாள் பாஸ் பண்றத கட்டாயம் ஆக்குனாங்க. நீ எங்க பொறந்தன்னு அது கேக்கல, உனக்கு தமிழ் தெரியுமான்னு கேக்குது. படிச்சா யாரு வேணா எழுதலாம். என் கண்ணுக்கு அது பரவால்ல, கதவு பூட்டி இருக்கு ஆனா சாவி வெளியதான் தொங்குது.

நாட்டுக்கும் நாட்டுக்கும் நடுவுல இருக்கற கோடு வேற. அத எல்லா அரசியலமைப்பும் ஒத்துக்குது, நம்மளுதும் சேத்துதான். ஆனா நம்மளுதுல ஒரு நுணுக்கம் இருக்கு, படிச்சப்பவே எனக்கு ரொம்பப் புடிச்சது. ஷரத்து 14, 21 ரெண்டும் "எந்த ஒரு நபருக்கும்"னு பேசும். சமத்துவமும் உயிரும் யாருக்கா இருந்தாலும் உண்டு, பாஸ்போர்ட் கேக்காது. 15, 16, 19 "குடிமகன்"னு பேசும். அரசு வேலை, நாடு பூரா குடியேறுற உரிமை இதெல்லாம் குடிமகனுக்கு. அமெரிக்காலயும் 1982ல ப்ளைலர் வழக்குல உச்ச நீதிமன்றம், பேப்பர் இல்லாம வந்தவங்க பிள்ளைங்களுக்கும் அரசுப் பள்ளிக்கூடத்த அடைக்கக் கூடாதுன்னு சொல்லுச்சு, ஓட்டு குடுன்னு சொல்லல. அப்ப சிட்டிசனுக்கு முதல்லன்னு யாரு சொன்னாலும் நான் கேக்குற மொத கேள்வி, எதுல முதல்ல? ஓட்டுலயா, சர்க்கார் உத்தியோகத்துலயா, தனியார் வேலைலயா, மானிய வீட்லயா, இல்ல வயித்து வலின்னு ஓடி வர்ற கேஷுவாலிட்டிலயா? எல்லாத்தையும் ஒரே மூட்டைல கட்டிப் பேசுறதுனாலதான் பாதி சண்டை.

டார்ம்_நம்பர்_தெரியாது

மேல எல்லாரும் இபி, அதான் எம்ப்ளாய்மெண்ட் பாஸ் பத்தி பேசுறீங்க. நான் ஒர்க் பெர்மிட், கூலி வேலைக்கு வர்றவங்களுக்கு குடுக்கறது. கட்டடம். பன்னெண்டு வருசம்.

எங்க வேலைக்கு எந்த சிட்டிசனும் போட்டிக்கு வரல, அதனால எங்கள யாரும் வேலைய திருடுறேன்னு சொல்லல. ஆனாலும் ஒரு உள்ளூர் ஆளு இருந்தா அஞ்சு பேரு எங்கள மாதிரி எடுக்கலாம்னு கணக்கு உண்டு, ஒவ்வொரு தலைக்கும் முதலாளி மாசாமாசம் அரசாங்கத்துக்கு லெவின்னு ஒரு வரி கட்டணும், 2024ல இருந்து கட்டுமானத்துல 500 வெள்ளிலேந்து 900 வெள்ளி வரைக்கும். என் சம்பளத்துக்கும் அந்த லெவிக்கும் ஒண்ணும் பெரிய வித்தியாசம் இல்ல சார், அது யாருக்குப் போகுது என் கைக்கு என்ன வருதுன்னு நெனச்சுப் பாத்தா சிரிப்புதான். நான் பன்னெண்டு வருசம் இல்ல, இருவத்தஞ்சு வருசம் இருந்தாலும் இந்த பெர்மிட்ல பிஆர் கேக்க முடியாது. பொண்டாட்டி புள்ளய கூட்டிட்டு வரவும் முடியாது.

2020 ஏப்ரல்ல கொரோனா வந்தப்ப டார்ம், அதான் நாங்க தங்குற தொழிலாளர் விடுதி, அது கேட்ட பூட்டுனாங்க. ரூம்ல ரெண்டடுக்கு கட்டிலு, மேல இருக்கறவன் இருமுனா கீழ எனக்குத் தெரியும், எதுக்கால இருக்கறவன் இருமுனாலும் தெரியும். பக்கெட்டு வெச்சு குளிக்க வரிசை, டாய்லெட்டுக்கு வரிசை. வெளிய ஊருக்கு ஒரு நம்பர், டார்முக்கு ஒரு நம்பர்னு தினமும் தனித்தனியா டிவில சொன்னாங்க. அந்த வருச கடைசில கவர்மெண்டே சொல்லுச்சு, டார்ம்ல இருந்த மூணு லட்சத்துச் சொச்சம் பேர்ல 47 சதவீதம் பேருக்கு கொரோனா வந்து போயிருக்குன்னு. வைத்தியம் ஃப்ரீயா பாத்தாங்க, சம்பளத்தையும் குடுக்க வெச்சாங்க, ஊசியும் அடுத்த வருசம் காசு வாங்காம போட்டாங்க, அத மறைக்கக் கூடாது. ஆனா அந்த நோய் ஏன் எங்கட்ட அப்டி பரவுச்சு? வீடுன்னு பேசும்போது எங்கள யாரும் கணக்குலயே சேக்கல. முதல்ல சிட்டிசன், ரெண்டாவது பிஆர், மூணாவது இபி, இப்டி வரிசை போட்டீங்கல்ல, நாங்க நின்னது வரிசைலயே இல்ல. அப்புறம் புதுசா கட்டுற டார்ம்ல ஒரு ரூமுக்கு 12 பேருக்கு மேல கூடாதுன்னு ரூல் வந்துச்சு. பாஸ்காரன் தம்பிக்கு கஷ்டம்தான் இல்லன்னு சொல்லல. அந்த நாலு கட்டமாச்சும் உங்களுக்கு இருக்கு.

பாஸ்காரன் (பதில்)

அண்ணே இதப் படிச்சுட்டு கொஞ்ச நேரம் ஃபோன கீழ வெச்சுட்டேன்.

சிவப்பு_ஐசி_பேரன்

மலேசியாவுல இருந்து. வக்கீல் அண்ணன் சொன்ன "கோடு" பத்தி எங்க வீட்டுக் கதை ஒண்ணு.

எங்க தாத்தா ரப்பர் தோட்டத்துல லயத்துல, அதாவது தொழிலாளிங்க வரிசை வீட்ல பொறந்தவரு. அவரோட அப்பா பொறந்ததும் அதே தோட்டம்தான். காலைல இருட்டோட பால்மரம் வெட்டப் போவாரு. 57ல சுதந்திரம் வந்தப்ப குடியுரிமைக்கு ஃபாரம் நெரப்பணும்னு சொல்லிருக்காங்க, யாரு சொன்னா, எந்த மொழில சொன்னா, தோட்டத்து கிராணி (கணக்குப்பிள்ளை) எத்தன பேருக்கு எழுதிக் குடுத்தாரு, அதெல்லாம் யாருக்கும் தெரியாது. இவருக்கு பொறந்த பத்திரமே இல்ல. சிவப்பு ஐசி, அதாவது சிவப்பு அடையாள அட்டை குடுத்தாங்க. அது நிரந்தரவாசி கார்டு, குடிமகன் கார்டு நீலம்.

சிவப்பா நீலமான்னு பல வருசம் யாரும் கேக்கல. 1968ல வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்துச்சு, 69 மே 13 கலவரத்துக்கு அப்புறம் அத அமல்படுத்த ஆரம்பிச்சாங்க. குடிமகன் இல்லாதவங்க வேலை செய்யணும்னா பெர்மிட் வாங்கணும். நோக்கம் என்னன்னு பாத்தா இந்த திரியில பேசுற அதே நோக்கந்தான், வேலை மொதல்ல நாட்டு மக்களுக்கு. ஆயிரக்கணக்கான தோட்டத் தமிழங்க கப்பல் ஏறிட்டாங்க, பார்த்தே இராத ஊருக்கு. எங்க தாத்தா போகல. பெர்மிட்ட புதுப்பிச்சு புதுப்பிச்சு அதே மரத்த வெட்டுனாரு. கடைசி வரைக்கும் சிவப்பு. அவர் செத்தப்ப சாமான எடுத்து வைக்கும்போது தகர டப்பால அந்தப் பெர்மிட்டு எல்லாம் ரப்பர் பேண்டு போட்டு அடுக்கி வெச்சிருந்தாரு. பிடிச்சிட்டுப் போயிருவாங்களோன்னு பயம், சாகற வரைக்கும்.

பாஸ்காரன் போற நாட்டுக்கு தானா விரும்பிப் போனாரு, ரூல் தெரிஞ்சு போனாரு. எங்க தாத்தா எங்கயும் போகல சார். அவர் நின்ன எடத்துலதான் நின்னாரு, கோடுதான் நகந்துச்சு.

மலையகத்தான் (சிவப்பு_ஐசி_பேரன்-க்கு பதில்)

தம்பி, எங்கட பக்கமும் இதே கதைதான், இன்னும் பெருசா. இலங்கை 48 பெப்ரவரியில சுதந்திரம், அதே வருசம் குடியுரிமைச் சட்டம். தேயிலைத் தோட்டத்துல இருந்த லட்சக்கணக்கான சனம் ஒரே சட்டத்தில நாடற்றவங்க. அதுக்கு முதல் வருசம், 47ல நடந்த எலக்சன்ல எங்கட ஆக்கள் ஏழு பேர் பாராளுமன்றம் போயிருந்தவை, அடுத்த எலக்சன்ல ஓட்டே இல்ல. 64ல ரெண்டு நாட்டுப் பிரதமரும், இலங்கையின்ர சிறிமாவும் இந்தியாவின்ர சாஸ்திரியும் ஒப்பந்தம் போட்டினம், 5,25,000 பேர் இந்தியாவுக்கு, மூணு லட்சம் பேர் இலங்கைக்கு, மிச்சத்த பிறகு பேசுவம் எண்டு. மூட்டை எண்ணுற மாதிரி எண்ணிச்சினம். கடைசியா மிஞ்சின ஆக்களுக்கு குடியுரிமை குடுக்க 2003ல ஒரு சட்டம் வர வேண்டி இருந்திச்சு. குடிமக்களுக்கு முதலிடம் எண்டா நல்லாத்தான் கேக்கும். குடிமக்கள் யார் எண்டு எழுதுற பேனை யாரிட்ட கிடக்கு எண்டும் பாக்க வேணும்.

இகாமா_இல்லாத_மச்சான்

சீரியஸா போயிட்டிருக்கு, நடுவுல சவுதி பக்கம் ஒரு எட்டு வாங்க.

2011ல நிதாகத் வந்தப்ப நான் ஒரு சின்ன கம்பெனில இருந்தேன். ஒவ்வொரு கம்பெனியும் சவுதி ஆளுங்கள எவ்ளோ வெச்சிருக்குன்னு பாத்து கலர் குடுப்பாங்க, பிளாட்டினம், பச்சை, மஞ்சள், சிவப்பு. எங்களுது சிவப்பு. சிவப்புன்னா இகாமா, அதான் அங்க தங்கற அனுமதி, புதுப்பிக்க முடியாது. கஃபீல், அதான் எங்க சவுதி முதலாளி, என்ன பண்ணாரு தெரியுமா, அவர் சொந்தக்காரப் பையன் ஆறு பேரு பேர சம்பளப் பட்டியல்ல ஏத்துனாரு. மாசம் மாசம் அவங்களுக்கு ஒரு தொகை போகும். நான் அங்க இருந்த வரைக்கும் அந்த ஆறு பேருல ஒருத்தன் மூஞ்சியக் கூட பாத்ததில்ல. ஆறு காலி சேர், ஆனா கம்பெனி மஞ்சளாயிருச்சு!

இது காமெடி, ஆனா பலனே இல்லன்னும் சொல்ல முடியாது. ஜெனிஃபர் பெக்னு ஒரு பொருளாதார ஆராய்ச்சியாளர் அந்த திட்டத்த அலசி 2017ல கட்டுரை போட்டாங்க. சுமார் 63,000 சவுதிக்காரங்களுக்கு தனியார் வேலை கூடுச்சாம், அதே நேரம் சுமார் 11,000 கம்பெனி மூடிட்டுப் போயிருச்சாம். ரெண்டையும் சேத்துப் படிங்க. அந்த 63,000ல எங்க ஆறு பேரும் உண்டான்னு எனக்கு இன்னிக்கும் டவுட்டு.

அப்புறம் வெளியாள வெரட்டுனா உள்ளூர்க்காரன் சம்பளம் ஏறும்னு எல்லாரும் நம்புறாங்கல்ல, அமெரிக்கால மெக்சிகோ விவசாயக் கூலிங்கள கூட்டிட்டு வந்த ப்ரசேரோ திட்டத்த 1964 கடைசில அதுக்காகவே நிறுத்துனாங்க. சம்பளம் ஒண்ணும் ஏறலன்னு பின்னாடி மைக்கேல் க்ளெமன்ஸ் குழு கணக்குப் போட்டுக் காட்டுச்சு. பண்ணைக்காரன் தக்காளி பறிக்க மெஷின் வாங்கிட்டான், மெஷின் பறிக்க முடியாத பயிர கொறைச்சுட்டான். உள்ளூர்க்காரனுக்கு கூடைய குடுக்கல.

மூணாம்_தலைமுறை (இகாமா_இல்லாத_மச்சான்-க்கு பதில்)

தக்காளிக்கு சரி மச்சான். ஆபீஸ் வேலைக்கு அத அப்டியே தூக்கிட்டு வராதீங்க. ஒரே வேலைக்கு ரெண்டு ரெஸ்யூமே மேசைல இருக்கும்போது ஒண்ணு 17 சதவீதம் சீப்புன்னா அங்க மெஷின் எதுவும் நடுவுல வரல. 2013ல மக்கள்தொகை வெள்ளை அறிக்கைல 69 லட்சம்னு ஒரு நம்பர் போட்டப்ப ஹோங் லிம் பார்க்ல மழைல நின்னு ஆயிரக்கணக்குல ஜனம் கத்துச்சு, அவங்க எல்லாரும் இனவெறி புடிச்சவங்க இல்ல. ரயில் நெறஞ்சிருச்சு, வீட்டு வெல ஏறிருச்சு, கேக்க ஆளில்ல. முன்கூட்டியே வீட்டயும் ரயிலயும் கட்டாம ஆள மட்டும் கூட்டிட்டு வந்தா, கோவம் வெளிய இருந்து வந்தவன் மேல திரும்பும். கட்டாதவன் மேல திரும்பாது.

முகாம்ல_பொறந்தவ

நான் தமிழ்நாட்டுல இலங்கைத் தமிழர் முகாம்ல பொறந்து வளந்தவ. இப்ப மறுவாழ்வு முகாம்னு 2021ல பேர மாத்திட்டாங்க. அம்மா அப்பா 90ல போட்ல வந்தாங்க.

அரசு பள்ளிக்கூடத்துல படிச்சேன், ரேஷன் அரிசி, மாசப் பணம், காலேஜுக்கு உதவி எல்லாம் கெடச்சது. நன்றி இல்லாம பேசல. டிகிரி முடிச்சதும் கூடப் படிச்ச பொண்ணுங்க எல்லாம் டிஎன்பிஎஸ்சி கோச்சிங் சேந்தாங்க, நானும் ஒரு நாள் சும்மா கூடப் போய் உக்காந்தேன். அப்ளிகேஷன்ல "இந்தியக் குடிமகனா"ன்னு ஒரு வரி. ஆமா, இல்லன்னு ரெண்டு வட்டம். மௌஸ அது மேல வெச்சுட்டு ரொம்ப நேரம் உக்காந்திருந்தேன். தமிழ்த்தாள் பத்தி அந்த அண்ணா எழுதுனாரு, சாவி வெளிய தொங்குதுன்னு. எனக்குத் தமிழ்தான் அண்ணா தெரியும். வேற ஒரு நாடு எனக்கு எப்டி இருக்கும்னே தெரியாது, ஃபோட்டோல பாத்ததுதான்.

சட்டம் என்னன்னா 1987 ஜூலை 1க்கு முன்னாடி இங்க பொறந்திருந்தா பொறந்ததாலேயே குடிமகள். அதுக்கு அப்புறம்னா அப்பா அம்மால ஒருத்தராச்சும் இந்தியரா இருக்கணும். 2004 டிசம்பர்ல அதையும் இன்னும் இறுக்கிட்டாங்க. 2019ல பக்கத்து நாட்ல இருந்து வந்த சிலருக்கு குடியுரிமை குடுக்கத் திருத்தம் வந்தப்ப அதுல மூணு நாடு பேரு இருந்துச்சு, இலங்கை இல்ல.

நான் இப்ப தனியார் கம்பெனில கணக்கு எழுதுறேன். பாஸ்காரன் அண்ணா, உங்களுக்கு 30 மார்க் வந்துச்சுன்னு படிச்சேன். உங்க நாடு உங்களுக்கு இருக்கு, நீங்க திரும்பி வந்தா இங்க நீங்க சிட்டிசன், முதல் வரிசை. நான் இங்கயே இருக்கேன், எனக்கு கட்டமே இல்ல. சிட்டிசனுக்கு முதல்லங்கறத நான் தப்புன்னு சொல்ல வரல. எத்தன வருஷம் இருந்தா, என்ன படிச்சா, எந்தப் பரீட்ச எழுதுனா சிட்டிசன் ஆகலாம்னு யாராவது எழுதி வெச்சிருந்தா நான் அந்த வரிசைல கடைசி ஆளா நிப்பேன், எத்தன வருஷம்னாலும்.

ரத்து_செய்க

தங்கச்சி உங்க கேஸ் வேற. நான் சொன்னது உங்களப் பத்தி இல்ல.

முகாம்ல_பொறந்தவ (ரத்து_செய்க-க்கு பதில்)

எல்லாரும் அப்டித்தான் அண்ணா சொல்றாங்க. ரூல்ல அந்த "உங்களப் பத்தி இல்ல" எங்கயும் எழுதல.

வக்கீல்_பாதி

தங்கச்சி சொன்னதுக்கு அப்புறம் என் சாவி உவமைய வாபஸ் வாங்கிக்கறேன். நான் பரீட்ச எழுதறவன மட்டும்தான் யோசிச்சேன், ஃபாரமே நெரப்ப முடியாதவங்கள யோசிக்கல. ஐரோப்பால 2003ல ஒரு உத்தரவு இருக்கு, சட்டப்படி அஞ்சு வருஷம் தொடர்ந்து இருந்து, வருமானம் மாதிரி சில நிபந்தனைக்குள்ள வர்ற வெளிநாட்டுக்காரருக்கு நீண்டகால வாசின்னு அந்தஸ்து குடுத்து வேலை, படிப்பு, சமூக உதவின்னு பெரும்பாலான விஷயத்துல குடிமகனுக்கு சமமா நடத்தணும்னு. எல்லா நாட்லயும் அது ஒழுங்கா நடக்குதுன்னு சொல்ல மாட்டேன். ஆனா "எத்தன வருஷம்"ங்கற கேள்விக்கு ஒரு நம்பராவது பதில் இருக்கு. தொழிலாளி அண்ணன் பன்னெண்டு வருஷம், தங்கச்சி பொறந்ததுல இருந்து, ரெண்டு பேருக்கும் நம்பரே இல்ல. முன்னுரிமை இருக்கறத விட எனக்கு இதுதான் உறுத்துது.

பாஸ்காரன் (கடைசியா ஒரு அப்டேட்)

எல்லாருக்கும் நன்றி. ஒருத்தருக்கு ஒருத்தர் திட்டாம பேசுனதுக்கும்.

இன்னிக்கு எச்ஆர் சொன்னாங்க, சம்பளத்த அந்த அளவுக்கு ஏத்த முடியாதாம். ஆனா அடுத்த மாசம் எங்க டீம்ல ரெண்டு பேரு வேற எடத்துக்குப் போறாங்க, ரெண்டு பேரும் நம்ம ஊர்க்காரங்க. அவங்க போனா கம்பெனில நம்மாளுங்க கணக்கு 25க்கு கீழ வரும், எனக்கு அந்தக் கட்டத்துல 10 வரும், 40 ஆயிரும். பாருங்க, கூட இருக்கறவன் எப்ப கெளம்புவான்னு நான் நாள் எண்ணிட்டிருக்கேன். அதுல ஒருத்தன் என் ரூம்மேட்டா இருந்தவன்.

பாஸ் கெடச்சா பிஆர் போடணும்னு வீட்ல பேச்சு. பையனுக்கு நாலு வயசு. அவனையும் சேத்துப் போட்டா எனக்கு என்எஸ் கெடையாது, அவனுக்கு 18ல உண்டு. ஃபாரத்த டவுன்லோட் பண்ணி வெச்சிருக்கேன். அந்த அண்ணன்ட்ட போய் என்எஸ்ல என்னென்ன இருக்கும்னு கேட்டேன். அவர் பையன் வேல விஷயம் என்னாச்சுன்னும் கேட்டேன், ரெண்டாவது இன்டர்வியூ வரைக்கும் போயிருக்கானாம். எந்தக் கம்பெனின்னு சொன்னாரு, எனக்குத் தெரிஞ்ச ஒருத்தர் அங்க லீடா இருக்காரு, நம்ம ஊர்க்காரர்தான். நாளைக்கு அவருக்கு ஃபோன் பண்ணலாம்னு இருக்கேன்.

மூணாம்_தலைமுறை (பாஸ்காரன்-க்கு பதில்)

பண்ணுங்க. அந்த வாட்ஸாப் க்ரூப்பு ஒரு தடவையாச்சும் எங்க பையன் ஒருத்தனுக்கு உதவட்டும். என்எஸ் பத்தி கேக்கணும்னா தனியா மெசேஜ் போடுங்க, மொத மூணு மாசம்தான் கஷ்டம், அப்புறம் தூக்கம் வராதது ஒண்ணுதான் பிரச்சன, அது உங்களுக்கு ஏற்கனவே பழக்கமாயிருச்சு போல.